போகச் சொல்லாத பாட்டு

அங்குஷ் ரேணகேயின் குரலை மராட்டியத்தில் கேட்காதவர் இல்லை. ஆள் இருப்பதென்னவோ எங்கள் பார்ஷி பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால், தகரக் கூரை வீட்டில். கல்யாணம் முடிந்த வீடுகளில் கோந்தளம் பாடுகிறவர். இரட்டை மேளம் முழங்க, ஊர் ஊராகப் பெயர் சொல்லி அம்மன்களை அழைப்பார். விடியும்போது ஒவ்வொருத்தியாகத் திருப்பி அனுப்பிவிட்டுத் இரவெல்லாம் எரிந்த தீவட்டியைப் பாலில் அணைத்து அமர்த்துவார். அழைத்த வாய்தான் அனுப்பவும் வேண்டும்.

போன வருஷம் நிஹார் என்ற இசையமைப்பாளன் அவரைப் புனேவுக்கு அழைத்துப் பதிவு செய்தான். துணைக்கு நானும் போயிருந்தேன். அம்மன்களை அழைக்கும் பாட்டு முடிந்ததுமே கைதட்டிப் பதிவை நிறுத்தினான்.

"அனுப்புற பாட்டு பாக்கி இருக்கு தம்பி."

"மூணு நிமிஷப் பாட்டு மாமா இது. வரச் சொன்னதே போதும்."

"கூப்பிட்டுட்டு அப்படியே விடறதா?"

"ஏசி ரூம்தானே? இருந்துட்டுப் போகட்டும்!"

எல்லோரும் சிரித்தார்கள். அங்குஷும் சிரித்துவிட்டார்.

பாட்டு பற்றிக்கொண்டது. சலூனில், ஷேர் ஆட்டோவில், கணபதி ஊர்வலத்தில். எங்கே கேட்டாலும் நின்று, அனுப்புகிற அடிகளை முணுமுணுப்பார். முடிப்பதற்குள் அடுத்த கடையில் அவர் குரல் மறுபடி அழைக்கும்.

மனைவி சிந்து பொறுக்காமல் கத்துவாள். "ஊரே ஆடுது. நீங்க மட்டும் விளக்குமாத்தோட பின்னாடியே போறீங்களே!"

"நான் சிரிச்சிருக்கக் கூடாது சிந்து."

வைகாசியில் மகள் உஜ்வலாவுக்குக் கல்யாணம். சம்பந்தி வீட்டுக் கோந்தளத்தைத் தானே பாடுவதாகக் கேட்டு வாங்கிக்கொண்டார். "என் பொண்ணு வாழப்போற வீடு. அங்கயாவது முழுசா அனுப்பிடணும்" என்றார் என்னிடம்.

அந்த இரவு முழுக்க அம்மன்களை அழைத்துப் பாடினார். கிழக்கு வெளுத்தது. பால் கிண்ணம் வந்தது. முதல் அம்மனை அனுப்பத் தொடங்கினார். மாப்பிள்ளையின் சித்தப்பா போனை உயர்த்திப் பிடித்தார்.

"பாருங்கப்பா, அந்தப் பாட்டுக்காரர் இவரேதான்!"

போனில் அங்குஷின் குரல் துளஜாபூர் அம்மனை வா என்றது. அங்குஷ் பாடுவதை நிறுத்தினார். முதலிலிருந்து தொடங்கினார். இன்னும் இரண்டு போன்கள் பாடின. பெண்கள் எழுந்து ஆடினார்கள், உஜ்வலாவையும் இழுத்துக்கொண்டார்கள். அவள் அப்பாவைப் பார்த்துக்கொண்டே ஆடினாள்.

"கொஞ்சம் நிறுத்துங்க. உங்க கால்ல விழறேன்."

"என்ன சம்பந்தி, உங்க பாட்டுதானே!"

மேளத்தை இடுப்பிலிருந்து அவிழ்த்துவிட்டு உட்கார்ந்தார். எண்ணெய் தீர்ந்து தீவட்டி தானாக அணைந்தது. பாலை யாரோ டீ போட எடுத்துப் போனார்கள்.