மாமியைக் காரில் ஏற்றிய நாள்

எங்கள் காரில் ஏறுகிறவர்கள் முதலில் பல்லைக் கடித்துக்கொள்ள வேண்டும். மறந்துபோய்க் கதைத்துக்கொண்டு வந்தால் நாக்குக் கடிபடும். மாம்புரியில் எங்கள் ஒழுங்கை பெரிய ரோட்டில் ஏறும் இடத்தில் ஒரு பள்ளம் இருந்தது. அதில் விழுந்த எங்கள் கார் பாலாவி போய்ச் சேரும்வரை ஆடிக்கொண்டே போகும் என்று ஊரில் சொல்வார்கள். அது கொஞ்சம் கூட்டிச் சொன்ன கதை. அடுத்த பள்ளம் வரும்வரை ஆடியது மட்டும் உண்மை.

அது பழைய ஜப்பான் கார். வாப்பா அதில் மனிதர்களை ஏற்றியதைவிட வெங்காயமும் பாகற்காயும் ஏற்றியதுதான் அதிகம். பாலாவியில் லொறி கராஜ் ஒன்றில் வேலை செய்த சாச்சா, வாப்பாவின் தம்பி, ஒரு நாள் டிக்கியை இரண்டு கையாலும் அமுக்கிவிட்டுக் கையை எடுத்தார். கார் ஐந்தாறு தரம் எழும்பித் தாழ்ந்தது. பின்பக்கத்து ஷொக் அப்சோபர் இரண்டும் செத்துப்போய்விட்டன என்றார். பாரத்தைத் தாங்குவது ஸ்பிரிங்காம், அதன் ஆட்டத்தை அடக்குவது ஷொக்காம். எண்ணெய் முழுக்க ஒழுகிப்போன ஷொக் இருந்தும் இல்லாததும் ஒன்றுதானாம்.

இந்த விஷயத்தில் எங்களைவிட அவசரம் மாமிக்குத்தான் இருந்தது. மாமி வாப்பாவின் மூத்த சகோதரி. வாப்பாவும் சாச்சாவும் அவரை ராத்தா என்று கூப்பிடுவார்கள். மன்னாரை விட்டு வந்த காலத்தில் இரண்டு தம்பிமாருக்கும் சமைத்துப்போட்டு ஆளாக்கியவர் அவர்தான். மாமா மௌத்தாகி அடக்கமான பிறகு எங்களுக்கு இரண்டு வீடு தள்ளித் தனியாக இருந்தார். ஒரே மகளைச் சிலாபத்தில் கட்டிக்கொடுத்திருந்தார். அந்த மகளுக்குத் தலைப்பிள்ளை பிறந்து ஒரு மாதம் ஆகியும் மாமி இன்னும் பேரப்பிள்ளையைப் பார்க்கவில்லை.

காரணம் முழங்கால். மாமி பெரிய உடம்புக்காரி. பஸ் படியில் கால் வைத்து ஏறுவது அவருக்குப் பெரும்பாடு. பிள்ளை பிறந்த கிழமையே வாப்பா அவரைக் காரில் ஏற்றிக்கொண்டு வெளிக்கிட்டார். நானும் போனேன். மாமி முன்சீட்டின் முதுகை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, கண்ணை மூடிக்கொண்டு இருந்தார். பாலாவிச் சந்தியில் இறங்கி ரோட்டோரத்தில் சத்தி எடுத்தார். அதற்கு மேல் முடியாது என்று வாப்பா காரைத் திருப்பினார். திரும்பி வரும்போது, ஷொக் மாற்றினதும் முதல் பயணம் உங்களுக்குத்தான் ராத்தா என்று வாக்குக் கொடுத்தார். அதன்பிறகு மாமி தினமும் தொலைபேசியில் பிள்ளை அழுவதைக் கேட்பார், வைத்துவிட்டு எங்கள் வீட்டுக்கு வந்து ஷொக் வந்துவிட்டதா என்று கேட்பார்.

ஷொக் ஒரு வெள்ளிக்கிழமை வந்தது. சனிக்கிழமை விடிந்ததும் வாப்பாவும் சாச்சாவும் வேலையைத் தொடங்கினார்கள். எங்கள் பக்கத்து உப்புக்காற்றில் இரும்பெல்லாம் ஒன்றோடொன்று ஒட்டிப் பிறந்ததுபோல் ஆகிவிடும். முதல்நாளே மண்ணெண்ணெய் ஊற்றி ஊறவைத்தும் நட்டுகள் அசையவில்லை. சாச்சா ஸ்பானரில் இரும்புக் குழாயைச் செருகி, மேலே ஏறி நின்று மிதித்தார். காரின் பின்பக்கம் தென்னங்குற்றிகள் மேல் நிற்க, ஒரு மனிதர் ஒற்றைக் காலில் ஆடுவதைப் பார்க்க நல்ல வேடிக்கையாக இருந்தது. எனக்குப் பத்து வயது. மதரசாவுக்குப் போகாமல் வயிற்றுவலி என்று சொல்லி முற்றத்திலேயே இருந்தேன். உம்மாவுக்கு அந்த வயிற்றுவலி விளங்கியது, ஆனாலும் விட்டுவிட்டார்.

பகல் லுஹர் தொழுகைக்கு முன்னால் புது ஷொக் இரண்டும் ஏறிவிட்டன. டயர்களைப் பூட்டி, காரைத் தரையில் இறக்கினார்கள். கீழ்ப்பக்கத்து நட்டு இரண்டையும் கடைசியாக இறுக்குவது மட்டும் மிச்சம். அதில்தான் ஒரு சிக்கல். அங்கே ஒரு ரப்பர் புஷ் இருக்கிறது. வெறும் காரில் இறுக்கிவிட்டால், பிறகு ஆட்கள் ஏறி கார் தாழும்போது ரப்பர் முறுகிக் கிழிந்துபோகும் என்றார் சாச்சா. பின்சீட்டில் பாரம் வைத்து, அது தாழ்ந்து நிற்கும்போதுதான் இறுக்க வேண்டுமாம்.

வாப்பா பசளை மூட்டை இருக்கிறதா என்று உம்மாவிடம் கேட்டார். மூட்டையெல்லாம் போன கிழமையே தோட்டத்துக்குப் போய்விட்டது. நான் ஏறி இருக்கிறேன் என்றேன். கோழிக்குஞ்சுப் பாரத்துக்கு ஷொக் அசையாது என்று சாச்சா சிரித்தார். பிறகு ஸ்பானரால் முதுகைச் சொறிந்துகொண்டே சொன்னார்:

"ராத்தா இரிக்கக்கொள்ள மூட்டை என்னத்துக்கு? அவ ஒராளே காணும்."

பாரத்துக்கு மாமி ஒருவரே போதுமாம். உம்மா அடுப்படியிலிருந்து, அப்படியெல்லாம் கதைக்கக் கூடாது என்றார். ஆனால் காருக்குக் கீழே படுத்திருந்த வாப்பா சிரித்த சத்தம் எனக்குக் கேட்டது. எங்கள் குடும்பத்தில் அதுவரை யாரும் மாமியின் உடம்பைப் பற்றி வாய் திறந்தது கிடையாது. பெரியவர்கள் சிரித்துவிட்டார்கள், இனி அது சிரிக்கக்கூடிய விஷயம் என்று நான் எடுத்துக்கொண்டேன். சாச்சா என்னைப் பார்த்து, ஓடிப்போய் மாமியைக் கூட்டிக்கொண்டு வா, வாப்பா கூப்பிடுகிறார் என்று சொல் என்றார். அந்தப் பகிடியில் எனக்கும் ஒரு பங்கு கிடைத்த பெருமையோடு ஓடினேன்.

மாமி கட்டிலில் இருந்து முழங்காலுக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தார். வாப்பா கூப்பிடுகிறார் என்றேன்.

"என்னத்துக்கு மகள்?"

உண்மையான பதில் நாக்கு நுனியில் இருந்தது. அது முற்றத்தில் சிரிப்பாக இருந்ததுபோல் மாமியின் முகத்துக்கு நேரே இருக்கவில்லை. சொல்ல வெட்கமாக இருந்தது. சொன்னால் வரமாட்டார் என்றும் தோன்றியது.

"கார் சரியாயிட்டு மாமி. சிலாபத்துக்குப் போவோமாம்."

மாமியின் மனம் நோகக் கூடாதென்றுதான் அந்தப் பொய்யைச் சொன்னேன் என்று வெகுகாலம் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அது வெறும் பேச்சு. வெறும் கையோடு திரும்பினால் சாச்சாவிடம் பட்டப்பெயர் வாங்க வேண்டி வருமே என்பதுதான் என் கவலை. மாமி எண்ணெய்க் கையோடு என் தலையைப் பிடித்து உச்சியில் கொஞ்சினார். வாப்பாவைக் கொஞ்சம் பொறுக்கச் சொல் என்றார். நான் திரும்பி வந்து, மாமி வருகிறார் என்று மட்டும் சொன்னேன்.

அரை மணித்தியாலம் ஆயிற்று. இரண்டு வீடு தாண்டி வர இவ்வளவு நேரமா என்று சாச்சா அலுத்துக்கொண்டார். வாப்பா கார் நிழலிலேயே கண்ணயர்ந்துவிட்டார். அப்போது மாமி வந்தார். பெருநாளைக்கு உடுத்தும் அபாயா போட்டிருந்தார். ஒரு கையில் பெரிய பை. பழைய சாரிகளைக் கிழித்து அவர் ஒரு மாதமாகத் தைத்துவைத்த பிள்ளைத்துணிகள், பிள்ளைபெற்றவளுக்குச் சரக்குத்தூள், நல்லெண்ணெய்ப் போத்தல் எல்லாம் அதில் இருந்தன. மணல் ஒழுங்கையில் நடந்து வந்ததில் முகம் முழுக்க வியர்வை, ஆனாலும் சிரித்துக்கொண்டே வந்தார்.

சாச்சா ஆளை ஏற இறங்கப் பார்த்தார், ஆனால் அவருக்குச் சாப்பாட்டு அவசரம். கதவைத் திறந்து, நடுவில் இருங்க ராத்தா என்றார். மாமி பையை மடியில் வைத்துக்கொண்டு நடுவில் இருந்தார். வாப்பா மெலிந்த மனிதர், மறுபடி பின்பக்கத்தால் காருக்குக் கீழே ஊர்ந்துவிட்டார். அவர் மாமியைப் பார்க்கவேயில்லை. சாச்சாவும் குனிந்து ஸ்பானரைக் கொடுத்தார்.

நான் திறந்த கதவுக்குப் பக்கத்தில் நின்றேன். மாமி கையை ஏந்தி, வாயை அசைத்து ஏதோ ஓதிக்கொண்டிருந்தார். முதலில் எனக்கு விளங்கவில்லை. பிறகு தெரிந்தது, மதரசாவில் எங்களுக்கும் சொல்லித்தந்த துஆதான் அது. பயணம் போகும்போது வாகனத்தில் ஏறியதும் ஓதுவது. கீழே ஸ்பானர் கிறீச் கிறீச் என்று திரும்பிக்கொண்டிருந்தது. மாமி ஓதி முடித்து, கையை முகத்தில் தடவிக்கொண்டு, என்னைப் பார்த்து நீயும் ஏறு மகள் என்பதுபோல் சீட்டைத் தட்டிக் காட்டினார். நான் அசையாமல் நின்றேன்.

"சரி ராத்தா, இறங்கலாம்" என்றார் சாச்சா.

மாமி, ஏன் தம்பி, இன்னும் வேலை இருக்கா என்று கேட்டார். வேலை முடிந்தது, பாரத்துக்குத்தான் உங்களைக் கூப்பிட்டோம் என்று சாச்சா சாதாரணமாகச் சொன்னார். அவருக்கு அதில் ஒளிக்க எதுவும் இருக்கவில்லை. மாமி பையை முதலில் வெளியே வைத்து, கதவைப் பிடித்துக்கொண்டு மெதுவாக இறங்கினார். கார் நாலு விரல் உயரம் எழும்பி, ஆடாமல் அசையாமல் அப்படியே நின்றது. தன் வேலையில் பூரித்துப்போன சாச்சா, "பாத்தீங்களா, ஒருக்கா எழும்பி நிண்டுட்டு" என்று வாப்பாவுக்குக் காட்டினார்.

வாப்பா அப்போதுதான் வெளியே வந்தார். அபாயாவைப் பார்த்தார், பையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். என்ன சொல்லிக் கூட்டிவந்தாய் என்று கேட்டார். வாப்பா கூப்பிடுகிறார் என்று மட்டும்தான் சொன்னேன் என்றேன். ஒரு பொய்க்கு மேல் இன்னொரு பொய் ஏற்ற எனக்கு எந்தச் சிரமமும் இருக்கவில்லை.

மாமி என்னைத் திரும்பிப் பார்க்காமலே சொன்னார்:

"பிள்ளை ஒண்டும் சொல்லல்ல. நான் வேற இடம் போகத்தான் உடுத்திட்டு இருந்தன்."

முழங்கால் நோகும் மாமிக்குப் போக வேறு இடம் எதுவும் இல்லை என்பது அங்கே நின்ற எல்லோருக்கும் தெரியும். வாப்பா, கையைக் கழுவிவிட்டு வருகிறேன், இப்போதே சிலாபம் போவோம் ராத்தா என்றார். மாமி, இல்லடா தம்பி, களைச்சுப்போய் நிற்கிறாய், இன்றைக்கு வேண்டாம் என்றார். பையைத் தூக்கிக்கொண்டு போனார். உம்மா சாப்பிட்டுவிட்டுப் போகச் சொல்லி வாசல்வரை ஓடியும் நிற்கவில்லை. அன்று பகல் சாச்சா ஒரு கோப்பைச் சோற்றை அளைந்துவிட்டு எழும்பிப் போனார்.

பின்னேரம், அஸர் தொழுகைக்குப் பிறகு வாப்பா என்னைக் கூப்பிட்டு, நாளைக்கு விடிய, சுபஹ் தொழுகையோடு சிலாபம் போவோம், ஆயத்தமாக இருக்கும்படி மாமியிடம் சொல்லிவிட்டு வா என்றார். இந்தத் தடவை நான் கொண்டுபோனது உண்மையான செய்தி. அதனால் தைரியமாகப் போனேன். மாமி பையிலிருந்த துணிகளை வெளியே எடுத்து மறுபடி மடித்துக்கொண்டிருந்தார். என்னைக் கண்டு கோபிக்கவில்லை. பக்கத்தில் இருக்கச் சொல்லி, ஒரு முறுக்கும் தந்தார். நான் செய்தியைச் சொன்னேன். அவர் ஒரு துணியை மடித்து முடித்தார். பிறகு கேட்டார்:

"மகள், காருக்குப் பாரத்துக்கு என்னைப் போல வேற ஆரும் ஏறினாங்களா?"

மாமி கோபிக்காமல் கேட்டது எனக்கு நிம்மதியாக இருந்தது. இனிமேல் மாமியிடம் பொய்யே சொல்வதில்லை என்று வரும் வழியில்தான் முடிவெடுத்திருந்தேன்.

"இல்ல மாமி. நீங்க ஒராளே காணும் எண்டு சாச்சா சொன்னார். வாப்பாவும் சிரிச்சார்."

அவருக்கு அது பெருமையாக இருக்கும் என்றுகூட நினைத்தேன். மாமி, ஓம், காணும்தான் என்றார். முழங்கால் நோகுது, நாளைக்கு வரவில்லை என்று வாப்பாவிடம் சொல்லச் சொன்னார். நான் முறுக்கைத் தின்றுகொண்டே, மனச்சுமையெல்லாம் இறங்கியவளாக வீட்டுக்கு ஓடினேன்.

திங்கட்கிழமை காலையில் மாமி பஸ்ஸில் போனார். பாலாவியில் இறங்கி, பஸ் மாறி, சிலாபம்வரைக்கும் நின்றுகொண்டே போனதாகப் பிறகு தெரிந்தது. அன்று பின்னேரம் அவருடைய மகள் வாப்பாவுக்குத் தொலைபேசி எடுத்து, கார் இன்னும் சரிவரவில்லை என்று தன் உம்மா சொல்வதாகச் சொல்லி, இந்தக் காலோடு பஸ்ஸிலா அனுப்புவது என்று கேட்டாள். வாப்பா, ஓம் மகள், இன்னும் சரிவரல்ல என்று சொல்லிவிட்டு, தொலைபேசியைக் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் கதிரையில் இருந்தார். எனக்கு உள்ளுக்குள் ஆறுதல். மாமியும் பொய் சொல்லியிருக்கிறார், வாப்பாவும் சொல்லியிருக்கிறார், இனி நான் மட்டும் குற்றவாளி இல்லை.

அதற்குப் பிறகு மாமி எங்கள் காரில் ஏறவேயில்லை. ஆஸ்பத்திரிக்குப் போவதென்றாலும் முச்சக்கரவண்டிதான். என்மேல் அவர் வைத்த பிரியம் மட்டும் ஒரு துளியும் குறையவில்லை. நான் சொன்ன பொய்யால்தான் காரை வெறுத்துவிட்டார் என்று நினைத்து நெடுநாள் வெட்கப்பட்டேன். மன்னிப்புக் கேட்க நாலைந்து தரம் போய், சோறு தின்றுவிட்டுத் திரும்பி வந்தேன். கேட்காமலே மாமி மௌத்தாகிவிட்டார்.

மூன்று பிள்ளை பெற்று நானும் மாமியின் உடம்புக்கு வந்துவிட்டேன். போன வருஷம் ஒரு கல்யாணத்துக்கு வேனில் போகும்போது, சாரதிப் பையன் என்னைப் பார்த்து, நீங்க பின்னுக்கு ஏறினால் வேன் தாழும், முன்னுக்கு இருங்க என்றான். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். சிரித்துக்கொண்டே தலையைத் திருப்பி, வேறு யாரையும் இப்படி இடம் மாற்றி இருத்துகிறானா என்று பார்த்தேன். யாரும் இல்லை.

மாமி அன்று கேட்டது இதைத்தான். ஓம் மாமி, உம்மாவும் ஏறினா, பக்கத்து வீட்டு ஆட்களும் ஏறினாங்க என்று நான் சொல்லியிருந்தால், ஞாயிற்றுக்கிழமை விடிய அவர் அந்தப் பையோடு எங்கள் காரில் ஏறியிருப்பார். பகலில் அத்தனை பொய்யை வாய்கூசாமல் சொன்ன எனக்கு, அந்த ஒரு பொய்யைச் சொல்லத் தெரியவில்லை.