அக்காவின் ஜப்பான் பாட்டு

அலுவலகப் பேருந்தில் ஒரு ஜப்பான் பாடகியின் பேட்டியைக் கேட்டுக்கொண்டிருந்தேன். பக்கத்து வீட்டாருக்குக் கேட்கக்கூடாதென்று ஆரம்பத்தில் துணி அலமாரிக்குள் உட்கார்ந்து பாடிப் பழகினாளாம். பிறகு ரயில் நிலைய வாசலில் பாடினாள். இப்போது விளையாட்டு அரங்கமே நிரம்புகிறது. முடிவில் அவளுடைய முதல் பாட்டைப் போட்டார்கள்.

கள்ளக்குறிச்சி வீட்டில் நாங்கள் பார்த்த கார்ட்டூனின் கடைசியில் வரும் அதே பாட்டு. ஒரு சொல்லும் புரியாமலே அக்கா அதை மாவாட்டும்போது பாடுவாள்.

"ஜப்பான்காரி, கிரைண்டர நிறுத்திட்டுப் பாடு. வாசல் வரைக்கும் கேக்கல," என்பார் அப்பா.

எனக்குப் பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வு வந்தது. எல்லா வீடுகளையும் போல எங்கள் வீட்டிலும் ஒவ்வொன்றாக நிறுத்தினார்கள்: முதலில் கேபிள், அடுத்து விருந்தாளிகள், மாலையில் மிக்சி. கடைசியாக அம்மா அக்காவிடம், "பாப்பா படிச்சிக்கினு இருக்குது, உனக்கு இன்னாடி பாட்டு?" என்றார். அக்கா நிறுத்திக்கொண்டாள்.

நல்ல மதிப்பெண் வாங்கினேன். கேபிள் திரும்பி வந்தது, விருந்தாளிகள் வந்தார்கள், மிக்சி ஓடியது. இனிமேல் பாடலாம் என்று அக்காவிடம் யாரும் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை.

பேருந்திலிருந்தே அவளை அழைத்தேன்.

"அக்கா, அந்த ஜப்பான் பாட்டு ஞாபகம் இருக்கா? ரெண்டு வரி பாடேன்."

"இன்னாடி இப்போ?" புகுந்த வீட்டிலிருந்து அவள் குரல் கிசுகிசுப்பாக வந்தது. "கொழுந்தனாரு பரீட்சைக்குப் படிச்சிக்கினு இருக்காரு. நீயும் மெதுவா பேசு."