நான்காவது ஹில்டா

எங்கள் முதியோர் இல்லத்தின் சாப்பாட்டுக் கூடத்தில் யாராவது "ஹில்டா" என்று குரல் கொடுத்தால் நான்கு தலைகள் திரும்பும். மூன்று தலைகள் பஞ்சாய் நரைத்தவை. எண்பது வயதைத் தாண்டியவை. நான்காவது என்னுடையது, தேங்காயெண்ணெய் தடவிப் பின்னிய கடலூர் மஞ்சக்குப்பத்துத் தலை. ஜெர்மனியில் ஹில்டா என்பது இப்போது பாட்டிகளின் பெயர். நான் இங்கே பார்த்த குழந்தைகளில் ஒன்றுக்குக்கூட அந்தப் பெயர் இல்லை. சிதம்பரத்தில் நர்சிங் படித்து, 2006இல் கணவரின் வேலைக்காக இந்த ஊருக்கு வந்து, படித்ததில் பாதியை இவர்கள் மொழியில் மறுபடியும் படித்துத் தேறி, 2008இல் இந்த இல்லத்தில் சேர்ந்தேன். வேலை கடினம்தான். ஆனால் அதைவிடக் கடினமாக இருந்தது, என் பெயர் என்னுடையதுதான் என்று இவர்களை நம்பவைப்பது.

சேர்ந்த முதல் வாரமே நிர்வாகி என்னைக் கூப்பிட்டனுப்பினார். முதல் பெயர் கெர்ஹார்ட். என் பெயர் அட்டையை மேசைமேல் வைத்துக்கொண்டு, "உங்கள் உண்மையான பெயர் என்ன?" என்று கேட்டார். ஹில்டா என்றேன். "அது எங்கள் வசதிக்காக வைத்துக்கொண்டது. இந்தியாவில்?" இந்தியாவிலும் ஹில்டாதான் என்றேன். கால் சென்டரில் வேலை செய்யும் இந்தியர்கள் பெயரை மாற்றிக்கொள்வார்கள் என்று எங்கேயோ படித்திருக்கிறார். "இங்கே நீங்கள் நடிக்க வேண்டியதில்லை" என்று பெருந்தன்மையோடு சொன்னார். பாஸ்போர்ட்டை எடுத்துக் காட்டினேன். புரட்டிப் பார்த்துவிட்டு, ஏற்கெனவே மூன்று ஹில்டாக்கள் இருப்பதால் குழப்பம் வருகிறது, அட்டையில் சீதா என்பதுபோல் அழகாக ஏதாவது போட்டுக்கொள்ளலாமே என்றார். எங்கள் மாடியில் மூன்று மோனிக்காக்கள் வேலை பார்த்தார்கள். அவர்களில் ஒருத்தியையும் சீதாவாக மாறச் சொல்லி யாரும் கேட்கவில்லை.

இந்தக் கேள்வி எனக்குப் புதிதல்ல. 2004இல் சிதம்பரத்து ஹாஸ்டலில் என் அறைத்தோழியின் அம்மா முறுக்கு டப்பாவோடு வந்திருந்தார். "ஹில்டாவா? வூட்ல எப்டிம்மா கூப்புடுவாங்க?" என்றார். ஹில்டான்னுதான் ஆன்ட்டி என்றேன். "அது சரி, நெஜப் பேரு ஒண்ணு இருக்குமில்ல?" இல்லை என்றதும் அந்த அம்மா முகத்தில் வந்த இரக்கத்தை இன்றைக்கு நினைத்தாலும் எரிச்சல் வருகிறது. என் அம்மாவுக்குப் பிரசவம் பார்த்த வெள்ளைக்கார சிஸ்டரின் பெயர் அது. நன்றிக்காக வைத்தார்கள். பிறந்த அன்றிலிருந்து என்னோடு இருக்கும் பெயருக்கு அதைவிட என்ன நிஜம் வேண்டுமாம்?

கெர்ஹார்ட் மேலிருந்த கோபத்தில் இங்குள்ள நகர நூலகத்துக்குப் போய்ப் பெயர் அகராதிகளைப் புரட்டினேன். ஹில்டா என்றால் போர். ராபர்ட் என்பது புகழும் ஒளியும். நேர்த்தமிழில் புகழொளி. என் தம்பி ராபர்ட்டுக்கு இது தெரிந்தால் கட்சி ஆரம்பித்துவிடுவான். அப்பா பெயர் வில்லியம். இவர்கள் ஊர் வில்ஹெல்ம்தான் இங்கிலாந்துக்குப் போய் அப்படியானது. மன உறுதி, தலைக்கவசம் என்று இரண்டு சொல் சேர்ந்தது. வருஷக்கணக்காக ஹெல்மெட் இல்லாமல் மொபெட் ஓட்டிய மனிதர் அவர். அதே வில்ஹெல்ம் பிரான்சுக்குப் போய் கியோம் ஆகி, கடலூரிலிருந்து ஒரு மணி நேரத் தொலைவிலுள்ள புதுச்சேரியில் எங்கள் பெரியப்பாவுக்குப் பெயரானது. அண்ணனும் தம்பியும் கல்யாண வீடுகளில், பிரெஞ்சுக்காரன் உசத்தியா இங்கிலீஷ்காரன் உசத்தியா என்று பந்தி முடியும்வரை அடித்துக்கொள்வார்கள். இருவரும் ஒரே ஜெர்மன்காரனைச் சுமந்து திரிந்தது இருவருக்குமே தெரியாது.

கெர்ஹார்ட் என்றால் ஈட்டிபோல் உறுதியானவர். ஒரு மாடி ஏறவும் லிஃப்டுக்குக் காத்து நிற்கும் அந்த ஈட்டியிடம் இதைச் சொன்னேன். "அப்படியா, சுவாரசியம்" என்றார். தன் பெயருக்குப் பொருள் தெரியாத மனிதர் என் பெயரைத் திருத்த வந்துவிட்டார். அவர் மேசையில் பேரப்பிள்ளைகளின் படம் இருந்தது: நோவா, எலியாஸ். எங்கள் வீட்டு பைபிளிலிருந்து எடுத்த மாதிரிப் பெயர்கள். அவர்களின் உண்மையான பெயர் என்ன என்று கேட்டேன். அவருக்குக் கேள்வியே புரியவில்லை. எபிரேயப் பெயர் அவர் பேரனுக்கு அசல், ஜெர்மன் பெயர் எனக்கு மட்டும் போலி. கடைசியில் அட்டையில் ஹில்டா என்றே அச்சடித்துக் கொடுத்தார். போர் என்று பொருள்படும் பெயருக்காகப் போர் நடத்தி ஜெயித்தவள் என்று ஊருக்குப் போன் போட்டுப் பீற்றிக்கொண்டேன்.

2010இல் அப்பாவின் சிறுநீரகம் கைவிட்டது. வாரத்துக்கு மூன்று முறை சிதம்பரத்தில் டயாலிசிஸ். கடலூருக்கு பஸ்ஸில் திரும்பும்போது அவர் வழியெல்லாம் வாந்தி எடுத்தார். இப்படியே அலைந்தால் தாங்கமாட்டார், ஆஸ்பத்திரிக்குப் பக்கத்திலேயே வீடு பாருங்கள் என்று டாக்டர் சொன்னார். விடுப்பு எடுத்துக்கொண்டு போனேன். முதல் வீட்டில் வில்லியம் என்றதும் பெயிண்ட் அடிக்கவேண்டும் என்றார்கள். இரண்டாவது வீட்டில் திடீரென்று சொந்தக்காரர்கள் வருவதாக இருந்தது. மூன்றாவது வீட்டு வாசலில் புரோக்கர் அப்பாவை ஓரமாக அழைத்து, "தப்பா நெனைக்காத மாமா. பேர மட்டும் கொஞ்சம் மாத்திச் சொல்லிடு. அவுங்க ரொம்ப பாக்கறவங்க" என்றார்.

வீட்டுக்காரர் நல்ல மனிதர். நாற்காலி போட்டு, மோர் கொடுத்து, பெயரைக் கேட்டார். அப்பா துண்டால் வாயைத் துடைத்துக்கொண்டு, "எம் பேரு வேணுங்க. இது சம்சாரம், லட்சுமி" என்றார். அம்மா தரையைப் பார்த்தார். "பாப்பா பேரு?" அப்பா என்னைத் திரும்பிப் பார்த்தார். தன் பெயரையும் அம்மா பெயரையும் கொடுத்துவிட்டவருக்கு என் பெயர் மட்டும் வாயில் வரவில்லை. ஜெர்மன்காரனிடம் வாய் கிழியப் பேசியவள் அங்கே ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. "சுமதிங்க" என்றேன். வீட்டுக்கார அம்மா குங்குமச் சிமிழை நீட்டினார். வைத்துக்கொண்டேன். மறுநாள் சாமான்கள் வந்தன. ஏசு படத்தைப் புடவையில் சுற்றி அம்மா பீரோவுக்குள் வைத்தார். என்மேல் எனக்கு வந்த அருவருப்பை யாரிடமும் சொல்லவில்லை. அப்பா வாந்தி எடுப்பது நின்றது.

ஞாயிறுதோறும் இங்கிருந்து போன் செய்கிறேன். வீட்டுக்காரர் பக்கத்தில் இருந்தால் அப்பா உரக்க, "சுமதி, சாப்டியாம்மா? அங்க குளிரு ஜாஸ்தியா?" என்பார். நானும் சுமதியாகவே பதில் சொல்வேன். அவர் எழுந்து போகும் செருப்புச் சத்தம் கேட்டபிறகு, அப்பா குரலைத் தாழ்த்தி, "ஹில்டா" என்பார். அதற்காகவே காத்திருப்பேன். சில ஞாயிறுகளில் வீட்டுக்காரர் எழுந்து போவதே இல்லை. அன்றைக்கு நான் சுமதியாகவே போனை வைத்துவிடுகிறேன்.