கூப்பிட்ட குரலுக்குப் பதில்

எனக்குக் கோபம் வந்தால் கத்த மாட்டேன், பாத்திரத்தை விட்டெறிய மாட்டேன். பேச்சை நிறுத்திவிடுவேன். கணவரோடு சண்டை என்றால் அவர் முன்னால் தட்டை வைத்துவிட்டு, பக்கத்தில் இருக்கும் மகளிடம், "உங்கப்பனச் சாப்பிடச் சொல்லு" என்பேன். எஸ்டேட்டில் தேயிலைக் கொழுந்து லாரி ஓட்டுகிற மனுசன், பேச்சுத் துணை இல்லாமல் ஒரு வேளைகூட இருக்க முடியாது அவரால். "அம்மிணி, உங்கம்மா வாயத் தொறக்கறதுக்கு என்ன குடுக்கோணும்னு கேளு" என்று மகளையே தூது விடுவார். அவள் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் திரும்பித் திரும்பிச் சிரிப்பாள்.

அவள் தப்பு செய்தால் அவளுக்கும் அதே கதிதான். காலைக் கட்டிக்கொண்டு "பேசும்மா" என்று அழுகிறவரைக்கும் அடுப்பைப் பார்த்தபடியே வேலை செய்துகொண்டிருப்பேன். என் பிள்ளைமேல் நான் கை வைத்ததே இல்லை என்று எஸ்டேட் முழுக்கப் பெருமை பேசியிருக்கிறேன். இப்போது நினைத்தால் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருக்கிறது.

கீழ் கோத்தகிரிப் பக்கம் ஓர் எஸ்டேட்டில் குழந்தைகள் காப்பகத்தில் எனக்கு வேலை. கிரச்சு என்றுதான் எல்லாரும் சொல்வார்கள். இலை எடுக்கப் போகிற பெண்கள் விடிந்ததும் கைக்குழந்தைகளைக் கொண்டுவந்து என்னிடம் விட்டுப் போவார்கள். பால் கலக்கிக் கொடுத்து, தொட்டில் ஆட்டி, துணி மாற்றி, சாயங்காலம் அவரவர் குழந்தையை அவரவர் இடுப்பில் ஏற்றி அனுப்ப வேண்டும். பிறத்தியார் பிள்ளையைப் பார்த்துக்கொள்வதற்குச் சம்பளம் வாங்குகிறவள் நான். இதை இங்கே சொல்லிவைப்பது நல்லது.

தொழிலாளர்கள் குடியிருக்கும் லைன் வீடுகளிலிருந்து மெயின் ரோட்டுப் பள்ளிக்கூடத்துக்குத் தேயிலைக்குள்ளேயே ஒரு குறுக்குப் பாதை இறங்குகிறது. நடுவில் ஒரு துண்டுச் சோலைக்காடு. கரடி இருக்கும், சில நாள் காட்டுமாடும் வந்து நிற்கும். மூடுபனி இறங்கிவிட்டால் முன்னால் போகிறவர் முதுகுகூடத் தெரியாது. அதனால் எங்கள் பக்கத்தில் ஒரு வழக்கம். யாரும் தனியாகப் போகக் கூடாது. போகும்போது ஒருவர் "ஓ...ய்" என்று குரல் கொடுக்க வேண்டும், காதில் விழுந்தவர்கள் எல்லாரும் "ஓ...ய்" என்று திருப்பிக் கொடுக்க வேண்டும். மனுசச் சத்தம் கேட்டால் மிருகம் ஒதுங்கிவிடும், யார் எங்கே இருக்கிறார்கள் என்பதும் தெரிந்துவிடும். கூப்பிடுகிறவர் யார் என்று பார்ப்பதில்லை. போலீஸ் ஸ்டேஷன்வரைக்கும் போய்ச் சண்டை போட்டவர்கள்கூடப் பனிக்குள் பதில் கொடுத்துக்கொள்வார்கள். என் மகள் ஒன்றாம் வகுப்புக்குப் போகும்போது கையைப் பிடித்து நடத்திக்கொண்டுபோய் இதைப் பழக்கியவள் நான்தான்.

போன வருசம் கூடலூர் ஓவேலிப் பக்கத்து எஸ்டேட் ஒன்றிலிருந்து ஒரு குடும்பம் எங்கள் லைனுக்கு வந்தது. கைக்குழந்தை ஒன்று, ஆறாம் வகுப்புப் படிக்கிற பெண் ஒன்று. அந்தப் பெண் வாயே திறக்காது. எப்போதாவது திறந்தால் கூடலூர்ப் பக்கத்து இழுவை தெரியும். அம்மாக்காரி அப்படியில்லை, வந்த அன்றைக்கே என்னோடு ஒட்டிக்கொண்டாள். "சின்னது உங்க கையில, பெரியவ உங்க பாப்பாகூட பள்ளிக்கூடம் போயிட்டு வந்துருவா. எனக்கு என்னக்கா கவலை" என்று சொல்லிவிட்டுக் கூடையை மாட்டிக்கொண்டு போவாள். என் மகள் ஏழாம் வகுப்பு. அந்தப் பாதையில் நடக்கிற பிள்ளைகளுக்கெல்லாம் அவள்தான் தலைமை. எனக்கு அதில் கொஞ்சம் கர்வமும் உண்டு.

ஒருநாள் சோற்றைப் பிசைந்துகொண்டே மகள் சொன்னாள், "அவகூட நாங்க யாருமே பேசறதில்லம்மா."

"ஏன்டி?"

"லேட்டா வந்ததுக்கு டீச்சர் கேட்டாங்க. கடையில நின்னு தேன்மிட்டாய் வாங்குனோம்னு போட்டுக் குடுத்துட்டா. எல்லாருக்கும் திட்டு."

"சரி சரி, சாப்பிடு. ரெண்டு நாள்ல நீங்களே சேந்துக்குவீங்க" என்று சொல்லிவிட்டு நான் மோர் ஊற்றினேன். குழந்தைச் சண்டை என்று நினைத்துவிட்டேன். அதற்குப் பிறகு அம்மாக்காரி அடிக்கடி, "பெரியவளுக்குக் காலையில ஆனா வயித்து வலி வந்துருதுக்கா" என்று சொன்னபோதும் எனக்கு உறைக்கவில்லை. ஓமத்தண்ணி கொடுக்கச் சொன்னேன்.

ஐப்பசி மழை விட்டும் விடாமலும் இருந்த ஒரு காலை. சோலைப் பக்கம் கரடி நடமாட்டம் என்று எஸ்டேட் வாட்ஸ்அப் குரூப்பில் மெசேஜ் வந்திருந்தது. மகள் சாப்பாட்டு டப்பாவை மறந்து வைத்துவிட்டுப் போய்விட்டாள். கூட வேலை செய்கிறவளிடம் குழந்தைகளை ஒப்படைத்துவிட்டு, டப்பாவைத் தூக்கிக்கொண்டு பாதையில் இறங்கினேன். நல்ல பனி. கொஞ்ச தூரம் போனதும் கீழே ஒரு குரல் கேட்டது.

"ஓ...ய்."

அந்தப் பெண்ணின் குரல். பதில் வரவில்லை. மற்ற பிள்ளைகள் தூரம் போய்விட்டார்கள் போல என்று நினைத்தேன். மறுபடி கூப்பிட்டாள். அப்போதும் இல்லை. அடுத்த தடவை கூப்பிட்டபோது குரலில் அழுகை இருந்தது. அந்த நேரத்தில் ஒரு காற்று வந்து பனியை விலக்கியது. கீழே வளைவில், பாறைக்குப் பின்னால், பிள்ளைகள் எல்லாரும் கும்பலாக நின்றுகொண்டிருந்தார்கள். ஆளாளுக்கு வாயைப் பொத்திக்கொண்டு, தோள் குலுங்கச் சிரித்துக்கொண்டு. நடுவில் என் மகள், உதட்டில் விரலை வைத்துக்கொண்டு நிற்கிறாள்.

அந்தப் பெண் புத்தகப் பையை நெஞ்சோடு கட்டிப் பிடித்துக்கொண்டு, பாதையில் நின்ற இடத்திலேயே சுற்றிச் சுற்றிப் பார்த்தாள்.

நான் ஒரு குரல் கொடுத்திருந்தால் போதும். தொண்டைவரைக்கும் வந்துவிட்டது. அதற்குள் மண்டையில் ஒரு கணக்கு ஓடியது. நான் பதில் கொடுத்தால் நான் இங்கே இருக்கிறேன் என்று அவளுக்குத் தெரிந்துவிடும். என் பிள்ளை செய்ததும் வெளியே வந்துவிடும். நாளைக்குக் காலையில் அவள் அம்மா குழந்தையை நீட்டும்போது நான் எந்த மூஞ்சியை வைத்துக்கொண்டு வாங்குவது? எல்லாம் ஒரு நொடிதான். நான் குரலை விழுங்கிக்கொண்டு தேயிலைச் செடிக்குப் பின்னால் குனிந்து உட்கார்ந்துவிட்டேன்.

"யாராச்சும் இருக்கீங்களா?" என்று கத்தினாள் அந்தப் பெண். பிறகு திரும்பி மேலே ஓடி வந்தாள். வழியில் மழைத்தண்ணி ஓடுகிற கானுக்குள் வழுக்கி விழுந்து, எழுந்து, ஒற்றைச் செருப்போடு, நான் உட்கார்ந்திருந்த செடிக்கு அந்தப் பக்கமாகவே ஓடினாள். அவள் மூச்சு வாங்குவது எனக்குக் கேட்டது. கீழே பிள்ளைகள் வெடித்துச் சிரித்தார்கள், பிறகு பள்ளிக்கூடத்தைப் பார்த்து நடந்தார்கள். கானில் கிடந்த செருப்பை எடுத்துக் கழுவிப் பாதையோரத்தில் கண்ணில் படுகிற மாதிரி வைத்தேன். கொண்டுபோய்க் கொடுத்தால் எங்கே கிடைத்தது என்று கேட்பார்களே. அவ்வளவு யோசித்திருக்கிறேன்.

சாயங்காலம் குழந்தையை வாங்க வந்த அம்மாக்காரி, "பெரியவ பாதிலயே திரும்பி ஓடியாந்துட்டாக்கா. கரடியப் பாத்துப் பயந்துட்டா போல. கேட்டா ஒண்ணும் சொல்ல மாட்டேங்குறா. இனி பள்ளிக்கூடமே போகமாட்டாளாம். உங்க பாப்பா துணைக்கு இருந்துமே இப்படி ஆயிருச்சு பாருங்க" என்றாள்.

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "பயந்த கோளாறு. மந்திரிச்சு ஒரு கயிறு கட்டுங்க" என்றேன். சீ!

கயிறு கட்டினார்கள். பெண் போகவில்லை. கொஞ்ச நாள் பார்த்துவிட்டு அம்மாக்காரி, "படிப்ப நிறுத்திட்டு கூடலூர்ல என் தங்கச்சி வீட்டுக்கு அனுப்பலாம்னு இருக்கேன். அவ புள்ளையப் பாத்துக்கிட்டு அங்கயே இருக்கட்டும்" என்றாள். அதைக் கேட்டுக்கொண்டும் நான் தொட்டிலை ஆட்டிக்கொண்டிருந்தேன்.

வீட்டில் மகளோடு பேச்சை நிறுத்தியிருந்தேன். எதற்கு என்று சொல்லவில்லை. அவளும் வழக்கம்போல முதலில் முறைத்தாள், பிறகு கெஞ்சினாள், பிறகு பின்னாலேயே சுற்றினாள். கூடலூர்ப் பேச்சைக் கேட்டு வந்த அன்றைக்கு அவள் என் முந்தானையைப் பிடித்துக்கொண்டு, "எதுக்குன்னாவது சொல்லும்மா. சொல்லிட்டுப் பேசாம இரு" என்று அழுதாள். எனக்குப் பொறுக்கவில்லை.

"பனிக்குள்ள அந்தப் புள்ள அத்தன தடவ கூப்பிட்டாளே, என்னடி பண்ணுனே நீ? வாயில விரல வெச்சுட்டு நின்னியே, பாத்தேன்டி நானு!"

அவள் முகம் வெளுத்துப் போனது. "எங்கிருந்தும்மா பாத்தே?"

"மேல, பாதையிலதான் இருந்தேன்."

"அப்ப நீ ஏம்மா குரல் குடுக்கல?"

எதிர்த்துப் பேசவில்லை அவள். நிஜமாகவே தெரிந்துகொள்ளக் கேட்டாள். அவளே மெதுவாகச் சொன்னாள், "நாங்க அவள அடிக்கலம்மா. கெட்ட வார்த்த சொல்லல. நீ எங்ககூடப் பேசாம இருப்பீல்ல, அப்படித்தான் இருந்தோம். கடைசில வந்து அழுதா சேத்துக்கலாம்னுதான்."

எந்தக் கெட்ட சகவாசமும் இல்லை, போனில் பார்த்துக் கற்றதும் இல்லை. அவள் பிறந்ததிலிருந்து என் சமையலறையில் பார்த்ததை அந்தப் பாதையில் செய்திருக்கிறாள். வாசலில் நின்று எல்லாம் கேட்ட கணவர், என்னிடம் ஒருநாளும் குரல் உயர்த்தாதவர், "பேசாமப் பேசாம இருந்துதான இவ்வளவும். போயி அந்தம்மாகிட்டச் சொல்லு. நாளைக்கே சொல்லு" என்றார்.

மறுநாள் காலை சொன்னேன். மகள் செய்தது, நான் குனிந்து உட்கார்ந்தது, கயிறு கட்டச் சொன்னது எல்லாவற்றையும் சொன்னேன். குழந்தையை நீட்டிய கை அப்படியே நின்றது. "நீங்களும் அங்கதான் இருந்தீங்களாக்கா?" என்று மட்டும் கேட்டாள். கொஞ்ச நேரம் குழந்தையைத் தன்னோடு அணைத்துக்கொண்டு நின்றாள். மேலே மேஸ்திரி விசில் ஊதினார். குழந்தையை முதுகில் கட்டிக்கொண்டு இலை எடுக்க முடியாது, விட்டுப்போக வேறு இடமும் கிடையாது. என் கையில் கொடுத்துவிட்டு என் முகத்தைப் பார்க்காமல் போனாள். அதன் பிறகு தினமும் அப்படித்தான். குழந்தை இரவில் தூங்கியதா, பால் குடித்ததா என்று நான் கேட்பேன். பதில் இருக்காது. நான் வீட்டில் கொடுத்துவந்த மருந்து எவ்வளவு கசக்கும் என்று அப்போதுதான் தெரிந்தது.

மகள் தானாக ஒன்று செய்தாள். காலையில் கொஞ்சம் முன்னாலேயே கிளம்பிப் போய், அவர்கள் லைன் வீட்டுக்குக் கீழே, பாதை ஆரம்பிக்கிற இடத்தில் நின்று கூப்பிட ஆரம்பித்தாள். "ஓ...ய்." கதவு திறக்கவில்லை. மற்ற பிள்ளைகள் அவளுக்காக நின்று பார்த்து, நேரமாகிறது என்று இழுத்துக்கொண்டு போனார்கள். அடுத்த நாளும் கூப்பிட்டாள், அதற்கடுத்த நாளும். ஒரு சாயங்காலம் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, "கூப்பிட்டுப் பதில் வரலீன்னா வயித்துக்குள்ள என்னமோ பண்ணுதும்மா" என்றாள். நான் அவளை இழுத்து மடியில் போட்டுக்கொண்டேன்.

பிறகு ஒரு காலை, கிரச்சு வாசலில் நின்றால் எதிரே இருக்கிற சில்வர் ஓக் மரமே தெரியாத அளவுக்குப் பனி. அந்த வீட்டுக் குழந்தை என் இடுப்பில் இருந்தது. கீழே மகள் கூப்பிடுவது கேட்டது. பதில் இல்லை. மறுபடி கூப்பிட்டாள். இல்லை. மூன்றாவது தடவை அவள் குரல் உடைந்தது. இந்தத் தடவையாவது என்று நான் வாயைத் திறந்தேன்.

நான் குரல் கொடுப்பதற்கு முன்னாலேயே, மேலே தேயிலைக்குள்ளிருந்து ஒரு பெண் குரல் வந்தது. "ஓ...ய்!"

நீளமான, முழுக் குரல். குழந்தை சட்டென்று அந்தப் பக்கம் தலையைத் திருப்பியது. அதன் அம்மாவின் குரல்தான். அதே குரல் அடுத்து லைன் வீட்டைப் பார்த்துக் கத்தியது. "ஏய், உள்ளுக்குள்ள என்ன பண்ற? புள்ள கூப்பிடுறது காதுல விழல? கரடி திரியுற நேரம். பேசினா பேசு, பேசாட்டிப் போ. பதில் குடு மொதல்ல!"

கதவு திறக்கிற சத்தம் கேட்டது. கொஞ்சம் கழித்து, மெல்லிசாக, அந்தப் பெண், "ஓ...ய்" என்றாள். கீழே பிள்ளைகள் அத்தனை பேரும் ஒரே குரலில் திருப்பிக் கொடுத்தார்கள். புத்தகப் பை முதுகில் இடித்துக்கொண்டே இறங்கி ஓடுகிற சத்தம் பனிக்குள் போனது.

அந்தப் பெண் இப்போது பள்ளிக்கூடம் போகிறாள். அவள் அம்மா இன்னும் என்னோடு பேசுவதில்லை. பேசச் சொல்லிக் கேட்க எனக்கு வாயும் இல்லை. அவள் பிள்ளை கூப்பிட்டபோது நான் செடிக்குப் பின்னால் உட்கார்ந்து யோசித்தேன். என் பிள்ளை கூப்பிட்டபோது, அது யார் பிள்ளை என்று தெரிந்தும், அவள் யோசிக்கவில்லை.