ஏற்றத்தில் ஒரு கும்பிடு

என் வாய்க்குப் பயந்து கண்டி மஹய்யாவையில் தண்ணீர்க் குழாயடி வரிசைகூட ஒழுங்காக நிற்கும். அப்படிப்பட்ட என்னை ஓர் ஓட்டோ அழ வைத்தது.

ஓட்டோ ஓட்டும் என் கணவர் படியில் சறுக்கி வலது காலை முறித்துக்கொண்டார். ஓட்டோவில் பிரேக் மிதிப்பது வலது கால். அது தேறும் வரை அடுப்பெரிய வேண்டுமென்றால் நான்தான் ஓட்டியாக வேண்டும். கட்டுப்போட்ட காலைப் பின் சீட்டில் நீட்டிக்கொண்டு அவரே வாத்தியாரானார்.

கண்டியில் வாவியைச் சுற்றி மட்டும்தான் சமதரை, மற்றதெல்லாம் ஏற்றம். ஏற்றத்தில் நின்ற வண்டியை எடுக்க வலது கை முறுக்க வேண்டும், இடது கை கிளச்சை மெல்ல மெல்ல விட வேண்டும். முறுக்குவது எனக்குக் கைவந்த கலை. மெல்ல என்பதுதான் வரவில்லை. வண்டி தவளையாகக் குதித்தது.

"சண்டைய வலது கையோட வச்சுக்க புள்ள. இடது கையால பச்சப்புள்ளயப் பிடிக்கிற மாதிரி பிடி," என்றார்.

ஒருவழியாகப் பழகினேன். பழகியதும் வந்தது வினை. ஏற்றத்தின் நடுவே ஒரு பிள்ளையார் கோயில். நெரிசலில் நின்று வண்டியை எடுக்கும் நேரம், பிள்ளையாரைக் கண்டதும் பழக்கதோஷத்தில் இரண்டு கையையும் விட்டுக் கும்பிட்டேன். வண்டி அணைந்து, பின்னால் உருண்டு, கட்டுகஸ்தோட்டை பஸ்ஸின் மூக்கில் முட்டியது. பஸ் டிரைவர் சிங்களத்தில் திட்டினார். நான் இரண்டு மொழியிலும் திட்டினேன். பிழை என்னுடையது என்பதால் குரலைக் கொஞ்சம் கூட்டினேன்.

"பிள்ளையார் எங்கயும் போகமாட்டார். நாமதான் போயிருப்போம்," என்றார் கணவர்.

லைசன் எடுத்துவிட்டேன். ஆனால் கட்டு அவிழ்த்த பிறகும் அவர் பாதத்துக்கு உணர்வு திரும்பவில்லை. இனி அவரால் ஓட்ட முடியாது என்று கிளினிக்கில் டொக்டர் சொல்லிவிட்டார். இருபது வருடமாக ஓட்டிய மனிதர் நான் ஓட்டிவந்த வழியெல்லாம் பின் சீட்டில் அந்தப் பாதத்தையே தடவிக்கொண்டு வந்தார். பஸ்காரர் என்றால் திட்டலாம். கால் நரம்பை யார் திட்டுவது?

கோயில் ஏற்றத்தில் வண்டிகள் நின்றன. பிள்ளையாரைப் பார்த்தேன், கைகளை எடுக்கவில்லை. கண்ணாடியில் பார்த்தால், பின் சீட்டில் அவர் கை கூப்பியிருந்தார்.

"நீ ஓட்டு புள்ள. இனி என் கை சும்மாதானே இருக்கும். ஒனக்கும் சேர்த்து நானே கும்பிட்டுக்கிறேன்."

கண்ணீர் பாதையை மறைத்தது. பின்னால் ஹோர்ன் அடித்தார்கள். வழக்கமாக இறங்கிப்போய் ஒரு வாங்கு வாங்கியிருப்பேன். அன்று கிளச்சை மெல்ல, மெல்ல விட்டேன். அவர் கால் அதிராமல் வண்டி ஏறியது.