சாக மறுத்த தஸ்தகீர்

பூந்தமல்லி தஸ்தகீருக்கு அம்பத்தூர் எஸ்டேட்டில் ஸ்பிரிங் கம்பெனி வேலை. எண்பத்தாறில் ஒரு லீவு நாளில் வேப்பம்பட்டு ரயில்வே ஸ்டேஷனில் ஷூட்டிங் பார்க்கப் போனவனைக் கத்திக்குத்து வாங்கிச் சாகும் திருடனாகப் படுக்க வைத்தார்கள். வசனம் கிடையாது. குத்து விழுந்ததும் செத்துக் கிடக்க வேண்டிய தஸ்தகீர் கண்ணைத் திறந்தான்.

"அண்ணாத்தே, கத்திய மெதுவா உருவு. மச்சான் சட்டை இது. காலைல திருப்பிக் கேப்பான்!"

கேமராக்காரர் குலுங்கிச் சிரித்ததில் படமே ஆடிப்போனது. டைரக்டர் ஜம்புலிங்கம் ஓடிவந்தார்.

"யாருய்யா உனக்கு எழுதிக் குடுத்தது?"

"வாயில வந்துச்சி சார்."

"அந்த வாயோட நாளைக்கு என் ஆபீசுக்கு வா."

ஒரே வருடத்தில் கம்பெனி வேலையை விட்டுவிட்டு முழுநேரமாகத் திரைக்கதை எழுத ஆரம்பித்தான். எந்தக் கதை எழுதினாலும் அதில் தனக்கும் ஒரு வேஷம் வைத்துக்கொள்வான். சாகிற ஆளைத்தான் சினிமாவில் இடைமறிக்காமல் பேச விடுகிறார்கள் என்று கண்டுபிடித்ததால், படத்துக்குப் படம் செத்தான். சுடப்பட்டு, கிணற்றில் விழுந்து, ஒருமுறை தென்னை மரம் சாய்ந்து.

மனைவி ஜுபைதாவுக்குப் பொறுக்கவில்லை.

"இன்னாங்க, கறிக்கடைக்காரன்கூட என்னைப் பாவமா பாத்து எலும்பில்லாம போடறான். இந்த வாட்டியாவது உசுரோட கீறா மாதிரி எழுதுங்களேன்."

"செத்தாத்தான் ரெண்டு நிமிசம் பேச உடுவாங்க, ஜுபைதா."

"சாவாமயே பேசுங்க. நான் பேசல?"

தஸ்தகீர் அவளையே பார்த்தான். பிறகு விழுந்து விழுந்து சிரித்தான். அன்று மத்தியானமே பேனாவை எடுத்து உட்கார்ந்துவிட்டான்.

காட்சியைப் படித்த ஜம்புலிங்கம் தலையில் கை வைத்தார். "க்ளைமாக்ஸ் நிக்குதுய்யா! சட்டுனு செத்துத் தொலையேன்."

"முடியாது சார். ஊட்ல உத்தரவு."

படம் பூந்தமல்லியில் ரிலீசான அன்று ஜுபைதா தன் அம்மா நசீம் பானுவோடு முன்கூட்டியே போய் உட்கார்ந்தாள். திரையில் தஸ்தகீரை மூன்று குண்டுகள் துளைத்தன. பாடையில் வைத்துத் தூக்கினார்கள். "இந்த வாட்டியும் போயிட்டாரும்மா" என்று ஜுபைதா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். அப்போது பாடையிலிருந்து தலை எழும்பியது.

"இன்னாப்பா தூக்கறீங்க? கால் பக்கம் எறங்கிகினே போவுது. குட்டையா கீறவன் தலைப் பக்கம் மாறி வா!"

கொட்டகை கிடுகிடுத்தது. பாடை தூக்கியவர்கள் திரையில் சிதறி ஓட, தஸ்தகீர் மாலையோடு அவர்களைத் துரத்தினான். பெண்கள் பக்கத்திலிருந்து காதைப் பிளக்கும் ஒரு விசில். ஜுபைதா நாற்காலிமேல் ஏறி நின்றிருந்தாள். அவளைக் கீழே இழுக்கக் கையை நீட்டிய நசீம் பானு, அவள் தோளைப் பிடித்துக்கொண்டு தானும் ஏறினாள்.

அதன்பின் தொண்ணூறுகள் முழுக்கத் தஸ்தகீர் எழுதினான், நடித்தான், எதிலும் சாகவில்லை. கதை கேட்கக் கரையான்சாவடி வீட்டுக்கு வரும் தயாரிப்பாளர்களிடம் அவன் முதல் வரியைத் தொடங்குவதற்குள் ஜுபைதா டீயோடு வந்து உட்கார்ந்துவிடுவாள். பாதிக் கதையை அவளே சொல்லிவிடுவாள்.