பூட்டுக்காரர் வீடு

என் அக்கா புருஷன் செய்வது மூக்குக்கண்ணாடி வியாபாரம். கடைவீதி முனையில் கடை, கண்ணாடி அலமாரி, சுவரில் பெரிசிலிருந்து பொடிசாக இறங்கும் எழுத்து அட்டை, எல்லாம் உண்டு. ஊரில் பாதிப் பேர் மூக்கின் மேல் உட்கார்ந்திருப்பது அவர் மாட்டிவிட்டதுதான். ஆனால் யாரைக் கேட்டாலும் அவர் பூட்டுக்காரர். அக்கா, பூட்டுக்காரர் பெண்டாட்டி. அவர்களுடைய நாலு வயசு மகள், பூட்டுக்காரர் வீட்டுக் குட்டி. நானும் அங்கேயே ஒட்டிக்கொண்டிருப்பதால் பூட்டுக்காரர் மச்சினி. அந்த வீட்டில் தப்பித்தது பூனை மட்டும்தான்.

அத்தானுடைய தாத்தா பூட்டு ரிப்பேர் செய்தவர் என்று ஊர் நம்புகிறது. உண்மை வேறு, அத்தானே ஒருநாள் வாய்தவறி உளறிவிட்டார். அந்தத் தாத்தாவுக்குத் திருட்டுப் பயம். தெருக்குழாய்க்குத் தண்ணீர் பிடிக்கப் போனாலும் தேங்காய்ப் பருமனில் ஒரு பூட்டைத் தொங்கவிட்டு, நாலு தரம் இழுத்துப் பார்த்துவிட்டுத்தான் கிளம்புவாராம். பார்த்தவர்கள் கேலியாக வைத்த பேர் அது. கேலி மறந்துபோய்ப் பேர் மட்டும் நின்றுவிட்டது. ஆக, அந்தப் பரம்பரையில் பூட்டியவர் உண்டு, திறந்தவர் ஒருவர்கூடக் கிடையாது.

இருந்தாலும் சாவியைத் தொலைத்தவர்கள் நேராக எங்கள் வாசலுக்குத்தான் வருவார்கள். "எனக்குத் தெரியாதுங்க" என்று அத்தான் சொன்னால், "ரொம்பத்தான் பிகு பண்றீங்க" என்பார்கள். மனுஷருக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும்.

"நான் செய்யற வேலையைச் சொல்லி ஒருத்தனாவது என்னைக் கூப்பிடறானா? என் பொண்ணும் இந்தப் பேரைச் சுமந்துக்கிட்டே அலையணுமா?"

எனக்குச் சிரிப்புதான் வரும். ஆனால் அந்த ஏக்கம் நிஜம், பாவம்.

கடைசியில் பித்தளையில் 'கண்ணாடிக்காரர் வீடு' என்று பலகை செய்து கொண்டுவந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை அதை வாசலில் மாட்ட, ஆணியும் சுத்தியலுமாக நின்றார். அந்த நேரம் பார்த்துக் குட்டி குளியலறைக்குள் போய்க் கதவைப் பூட்டிக்கொண்டாள். திறக்கத் தெரியவில்லை. வெளியிலிருந்து கைப்பிடியைத் திருகினால், அது சும்மா சுற்றியதே தவிரக் கதவு அசையவில்லை. அக்கா அழ ஆரம்பித்துவிட்டாள். சத்தம் கேட்டு எதிர்வீட்டுத் தையல்காரர் ஓடிவந்தார். விஷயத்தைக் கேட்டதும் நிம்மதியாகக் கையைக் கட்டிக்கொண்டு சுவரில் சாய்ந்துவிட்டார்.

"இதுக்கா இவ்வளவு கூச்சல்? அதான் பூட்டுக்காரரே வீட்ல இருக்காரே."

அத்தான் சுத்தியலை ஓங்கினார். கதவுக்கடி இடுக்கில் குட்டியின் பாதம் தெரிந்தது, கதவை ஒட்டியே நிற்கிறாள்; உடைத்தால் அவள் மேல்தான் விழும். ஓங்கிய கை அப்படியே நின்றது. அப்போது உள்ளேயிருந்து குரல் வந்தது.

"அழாதம்மா. நம்ம அப்பா பூட்டுக்காரர்தானே. திறந்துடுவாரு."

ஊருக்கெல்லாம் 'தெரியாது' என்று சொன்ன மனுஷருக்கு அந்தக் குரலிடம் அதைச் சொல்ல வாய் வரவில்லை.

"இதோ வந்துட்டேன்டா கண்ணு."

கண்ணாடிக் காம்பை முடுக்குகிற பொடி ஸ்க்ரூடிரைவர் எப்போதும் அவர் சட்டைப்பையில் இருக்கும். மண்டி போட்டு உட்கார்ந்து, கைப்பிடியைச் சுற்றியிருந்த அரிசி அளவுத் திருகாணிகளை ஒவ்வொன்றாகக் கழற்றினார். வேர்வை கண்ணில் இறங்கியது, துடைக்கவில்லை. கைப்பிடி கழன்று வந்ததும் உள்ளே இருந்த தாழை மெதுவாக நெம்பினார். கதவு திறந்தது.

முழங்கை வரைக்கும் சோப்பு நுரையோடு குட்டி வெளியே வந்தாள். "ஏன்ப்பா இவ்வளவு நேரம்?" என்று கேட்டாள். அத்தான் அவளை நுரையோடு சேர்த்துக் கட்டிக்கொண்டார். "தாத்தா காலத்துக் கைராசி, எங்க போகும்?" என்றார் தையல்காரர். நான் வாயைப் பொத்திக்கொண்டேன்.

மத்தியானம் குட்டி அந்தப் பலகையைத் தடவிப் பார்த்து என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டாள். படித்துச் சொன்னேன்.

"அப்போ நாம வேற வீட்டுக்குப் போறோமா? இது பூட்டுக்காரர் வீடுதானே?"

அத்தான் பலகையை அவளிடமிருந்து வாங்கிக் காகிதத்தில் சுற்றினார். பிறகு, "அது கடைக்குடா" என்றார்.

இப்போது அது கடையில்தான் தொங்குகிறது. "என்ன, கடையிலேயே குடிவந்துட்டீங்களா?" என்று வருகிறவர்கள் கேட்கிறார்கள். இல்லை என்று சொல்லி, வீட்டுக்கு அத்தானே வழியும் சொல்கிறார்.

"தெரு முனையில நின்னு பூட்டுக்காரர் வீடு எதுன்னு கேளுங்க. யாரா இருந்தாலும் காட்டுவாங்க."